ஒளிமின்னழுத்தப் பலகையா, ஒளிமின்னாக்கியா?

அன்பர்களுக்கு வணக்கம்.

கூரையில் பொருத்தும் சூரிய மின்பலகைக்கு 'ஒளிமின்னழுத்தப் பலகை' என்ற பெயரே போதும் என்று அன்பர் ஒருவர் முந்தைய மடலில் எழுதியிருந்தார். தமிழகத்தில் அச்சொல் ஊன்றிவிட்டது என்பதை மதிக்கிறேன். ஆயினும் இங்கே கொழும்பில், ஒரே கூரையில் இருவகைக் கருவிகள் அருகருகே நிற்கையில், இரண்டையும் பிரித்துக் காட்டும் பெயர் நமக்கு வேண்டும்.

வெள்ளவத்தை மாடிவீடுகளில் இதை நேரிலேயே காணலாம். ஒரு பக்கம் கருநீலப் பலகைகள். மறுபக்கம் சிறு தாங்கியொன்றின் கீழ் சாய்வாக அடுக்கிய கண்ணாடிக் குழாய்கள். இரண்டுக்கும் மக்கள் வழங்கும் பெயர் 'சோலார்' தான். குழாய்களோ மின்சாரம் தருவதில்லை. அவற்றின் கரும்பூச்சு வெயிலை உறிஞ்சிச் சூடாகிறது. சூடேறிய நீர் அடர்த்தி குறைந்து தானாகவே தாங்கிக்கு மேலெழ, குளிர்ந்த நீர் கீழிறங்குகிறது.

பலகையில் நடப்பது முற்றிலும் வேறு. போட்டன் எனும் ஒளித்துகள் ஒன்றின் சக்தி ஏறத்தாழ 1.1 இலத்திரன்வோல்ற்றுக்கு (நுண்துகள்களின் சக்தியை அளக்கும் அலகு) குறையாதிருந்தால், சிலிக்கனில் உள்ள இலத்திரன் பிணைப்பிலிருந்து விடுபடுகிறது. இருவகைக் குறைகடத்திகள் கூடும் சந்தியில் நிலவும் மின்புலம் அந்த இலத்திரனை ஒரு புறமும் அது விட்டுச்சென்ற வெற்றிடமான துளையை மறுபுறமும் தள்ள, வெளிச்சுற்றில் ஒரே திசையில் ஓடும் நேரோட்டம் பாய்கிறது. வெப்பத்துக்கு இதில் பங்கில்லை என்பதோடு, அது இடையூறாகவும் இருக்கிறது: சிலிக்கன் பலகையின் வெப்பநிலை ஒரு பாகை செல்சியசு உயர, வெளியீடு ஏறத்தாழ 0.3 முதல் 0.4 சதவீதம் குறைகிறது. நண்பகலில் பலகை 60 பாகையைத் தொட்டால், சோதனைக்கூடத்தின் 25 பாகையில் கிடைப்பதைவிட பத்திலொரு பங்குக்கு மேல் இழப்பு. 'சூரிய வெப்பத்தில் மின்சாரம்' என்று நம் செய்தித்தாள்கள் எழுதும்போது எனக்கு வருத்தமாக இருப்பது இதனால்தான்.

ஆகவே, ஒளி மின்னாவதைச் சொல்ல 'ஒளிமின்னாக்கம்' என்றும், பலகைக்கு 'ஒளிமின்னாக்கி' என்றும் முன்மொழிகிறேன். 'ஒளிமின்' என்று நிறுத்தினால், 1905இல் ஐன்ஸ்டீன் விளக்கிய ஒளிமின் விளைவோடு குழப்பம் நேரும். அங்கே இலத்திரன் உலோகப் பரப்பைவிட்டே வெளியேறுகிறது, இங்கே பொருளுக்குள்ளேயே ஓடுகிறது. 'ஒளிமின்கலம்' என்பதும் சரிவராது, மின்கலம் என்றதும் சேமித்து வைப்பதாகவே எவரும் கொள்வர். பலகையின் தனி அலகுக்கு வழக்கிலுள்ள 'சூரியக்கலம்' அப்படியே இருக்கட்டும்.

நீர் சூடாக்கும் கருவிக்கு 'வெப்பவாங்கி'. ஒலிவாங்கி என்று நாள்தோறும் சொல்லிப் பழகிய நம் நாவுக்கு இது இயல்பாக வரும்.

ஆடிகளால் கதிரைக் குவித்து, நீராவி எழுப்பிச் சுழலியை ஓட்டும் நிலையங்களும் உண்டு. அவை தருவதும் சூரிய மின்சாரமே, ஆனால் வெப்பத்தின் வழியாக. ஆதலால் அவற்றை ஒளிமின்னாக்கத்தில் சேர்க்கலாகாது, 'குவிகதிர் வெப்பமின் நிலையம்' எனலாம். மேகம் சிதறடித்த ஒளியை ஆடியால் குவிக்க இயலாது. ஒளிமின்னாக்கியோ அதையும் ஓரளவு பயன்படுத்தும். மழைமூட்டம் மிகுந்த கொழும்பில் இவ்வேறுபாடு பெரிது.

இன்வேர்ட்டருக்கு 'ஆடலாக்கி' பொருந்துமா? நேரோட்டத்தை, திசை மாறி மாறி ஓடும் ஆடலோட்டமாக்குவதே அதன் வேலை என்பதால் எனக்கு அது பிடித்திருக்கிறது. மின்னியல் கற்பிக்கும் அன்பர்கள் கருத்துரைக்க வேண்டுகிறேன்.