'லெவியாதன்' மாதிரி ஒரு படம் நம் கடற்கரைக்கு வேண்டுமா?

திரைக்கிறுக்கன், நாகர்கோவில்
லூசியன் காஸ்டெயிங் டெய்லரும் வெரேனா பாரவெலும் 2012இல் எடுத்த ஆவணப்படம் 'லெவியாதன்'. அமெரிக்காவின் நியூ பெட்ஃபோர்டு பக்கத்து இழுவலைக் கப்பல் ஒன்றில் எடுத்தது. பின்னணிக் குரல் இல்லை, பேட்டி இல்லை. சின்னஞ்சிறு கோப்ரோ கேமராக்களை மீனவர் உடம்பிலும் கம்பு நுனியிலும் கட்டி, அலைக்குள்ளும் தளத்தில் புரளும் மீன்களுக்கு நடுவிலும் விட்டிருக்கிறார்கள். நம் குளச்சல், முட்டம் என்றால் சூரிய உதயமும் சோகமான வர்ணனையும்தான் கிடைக்கின்றன. இப்படி ஒன்றை இங்கே யாராவது எடுக்க வேண்டும்.

கடல்காரன், தூத்தூர்
எதற்கு? பல நாள் கடலிலேயே தங்கி மீன் பிடிக்கும் தங்குகடல் தொழிலுக்குப் போகிறவனுக்கு வானம் தலைகீழாகத் தெரிவது புதுமையா? டீசல் கடன் யார் தலையில், பங்கு எப்படிப் பிரிகிறது, ஏலத்தில் விலையை யார் முடிக்கிறார்கள்? கம்பில் கட்டிய கேமராவில் இதெல்லாம் விழாது. நானும் பார்த்தேன். படத்தின் கடைசியில் மீன்களுக்கு லத்தீன் பெயர் போட்டுக் கௌரவித்திருக்கிறார்கள். சந்தோஷம்.

வாசகி, மார்த்தாண்டம்
2017 நவம்பர் 30இல் ஒக்கிப் புயல் அடித்த பிறகு நம் கரைக்கு வந்த கேமராக்களை நினைத்துப் பாருங்கள் அண்ணா. அழுகிற பெண்களிடம் மைக்கை நீட்டி இன்னும் கொஞ்சம் பேசச் சொன்னார்கள். வாயை மூடிக்கொண்டு பார்க்கிற கேமரா எவ்வளவோ மேல்.

கடல்காரன், தூத்தூர்
மைக்கை நீட்டியவர்களுக்கு நான் வக்காலத்து வாங்கவில்லை. ஆனால், திரும்பாதவர்கள் எத்தனை பேர் என்பதிலேயே அரசுக் கணக்கும் ஊர்க் கணக்கும் ஒத்துப்போகவில்லையே. குழித்துறையில் ஆயிரக்கணக்கானோர் தண்டவாளத்தில் உட்கார்ந்தது எதற்காக? தேடிப் போங்கள் என்று சொல்லத்தான். அந்தப் பேச்சை அலையோசையோடு கலந்து வெறும் இரைச்சலாக்கினால், திரைப்பட விழாக்காரர்கள் கைதட்டுவார்கள். எங்களுக்கு என்ன?

திரைக்கிறுக்கன், நாகர்கோவில்
டெய்லர் பேச்சுக்கு எதிரி அல்ல. இலிசா பார்பாஷோடு அவர் செய்த 'ஸ்வீட்கிராஸ்' 2009இல் வந்தது. மொன்டானா மலையில் ஆடு ஓட்டிப்போகிறவர் கைபேசியில் தன் அம்மாவிடம் புலம்புவதை அதில் முழுதாகக் கேட்கலாம். 'லெவியாதன்' படத்திலும் அத்தனை ஆட்டத்துக்கு நடுவே ஒரு காட்சி வருகிறது. சாப்பாட்டு அறையில் ஒரு மீனவர் டிவி பார்த்தபடியே கண் சொக்கி உறங்கிப்போகிறார். ஓடுவது மீன்பிடி நிகழ்ச்சிதான். கேமரா அசையவே இல்லை, நிமிடக்கணக்கில். அந்த உடம்பின் அசதியை எந்தப் பேட்டி சொல்லிவிடும்?

கடல்காரன், தூத்தூர்
அந்தக் காட்சி எனக்கும் பிடித்தது. ஆனால் விழித்ததும் அவர் என்ன சொல்லியிருப்பார் என்றுதான் எனக்குக் கேட்கத் தோன்றியது. சரி, படகில் கேமரா கட்ட நான் இடம் வாங்கித் தருகிறேன். தேங்காய்ப்பட்டணம் ஏலத்தில் ஒரு மைக் வையுங்கள். அங்கே பேசுவதில் ஒரு சொல்லையும் வெட்டக் கூடாது.

திரைக்கிறுக்கன், நாகர்கோவில்
வெட்டமாட்டேன். ஆனால் கீழே விளக்க எழுத்து ஓடாது.

வாசகி, மார்த்தாண்டம்
எழுத்து இல்லாமல் தூத்தூர்ப் பேச்சு சென்னைக்காரர்களுக்கு எப்படி விளங்கும்?

கடல்காரன், தூத்தூர்
கட்டாயம் எழுத்துப் போட வேண்டும். நாங்கள் சொன்னது விளங்கவில்லை என்று இன்னொரு முறை யாரும் சொல்லக் கூடாது.