பாஷோவின் குறும்படத்தில் வண்டு கத்தலாமா?

கல்மூங்கில்: ஹைக்கூக் கவிஞர் பாஷோ போன ஜப்பானின் யமாதெரா மலைக்கோவிலை வைத்து எட்டு நிமிடக் குறும்படம் எடுக்கும் ஒருவர், "பாஷோ பாடியது மௌனத்தை, அதனால் படத்தில் ஒலியே கிடையாது" என்று அறிவித்திருக்கிறார். கவிதை இதுதான்: 'என்ன நிசப்தம்! பாறைக்குள் ஊறுகிறது சிள்வண்டின் குரல்.' வண்டை எடுத்துவிட்டால் மிச்சம் பாறைதான்.

எட்டாம்நிமிடம்: அந்த 'ஒருவர்' நான்தான். நேராகவே திட்டலாம். படம் கவிதைக்குப் பொழிப்புரை இல்லை. ஆயிரத்துச் சொச்சம் படிகள், பாசி, பாறை. பார்க்கிறவர் காதில் வண்டு தானாகக் கத்தும்.

கல்மூங்கில்: என் காதில் கத்தாது. பாஷோ காதில் கத்தியது. அதுவும் எந்த வண்டு என்று ஜப்பானில் பெரிய சண்டையே நடந்தது, தெரியுமா? கவிஞர் சைதோ மொகிச்சி, அபுராசெமி என்ற வகை என்றார். விமர்சகர் கொமியா தொயோதாகா விடவில்லை: பாஷோ போனது 1689 ஜூலை நடுவில், அப்போது அங்கே கத்துவது நீநீசெமி என்ற வேறு வகை என்றார். மொகிச்சி அந்த மலையிலேயே வண்டு பிடிக்கவைத்துப் பார்த்து, தோல்வியை ஒப்புக்கொண்டார். நீங்கள் என்னடாவென்றால் ஒலியே வேண்டாம் என்கிறீர்கள்!

தாத்தாகேமரா: சிள்வண்டு இல்லை, எங்கள் ஊரில் அது சுவர்க்கோழி.

கல்மூங்கில்: சுவர்க்கோழி வேறு பூச்சி ஐயா, ராத்திரியில் கத்துவது. பாஷோ ஏறியது பொழுது சாயும் முன்.

எட்டாம்நிமிடம்: பாஷோவோடு கூடப் போன சீடர் சோராவின் குறிப்பில் முதல் வடிவம் இருக்கிறது: 'யமாதெரா, கல்லில் ஒட்டும் சிள்வண்டின் குரல்.' மௌனம் பிறகு வந்தது. பாஷோவே மாற்றலாம், நான் மாற்றக்கூடாதா?

கல்மூங்கில்: மாற்றினார். வண்டை எடுத்தாரா?

நடைவழி: பாஷோவும் சோராவும் அப்போது போன மொத்தப் பயணம் சுமார் 2,400 கிலோமீட்டர், 150 நாள். ஒரே கோவிலோடு ஏன் நிறுத்துகிறீர்கள்? சோரா வேடம் யாருக்கு?

எட்டாம்நிமிடம்: கல்மூங்கிலின் கோபம் வண்டுக்காக இல்லை. போன வருடம் அவருடைய தவளைப் படத்தைப் பார்த்து நான் தூங்கிவிட்டேன் என்று எழுதினேன். அது இன்னும் ஆறவில்லை.

கல்மூங்கில்: தூங்கினீர்கள், சரி. அதில் தவளைச் சத்தமாவது இருந்தது. உங்கள் படத்தில் தூங்கினால் எழுப்ப வண்டுகூட இல்லை. நீநீசெமி ஒலிப்பதிவு என்னிடமே இருக்கிறது, கேட்டால் தருவேன். கேட்க மாட்டீர்கள்.

எட்டாம்நிமிடம்: மாட்டேன்.

நடைவழி: சோரா வேடம் யாருக்கு என்று கேட்டேனே?

தாத்தாகேமரா: ராத்திரி பகல் எல்லாம் பார்க்காது தம்பி. சுவர்க்கோழிதான்.