பாடசாலை மணிக்கு அஞ்சும் மகன்: அனுபவமுள்ள பெற்றோர் வழி சொல்லுங்கள்

திருகோணமலை உப்புவெளியிலிருந்து எழுதுகிறேன். மகனுக்கு 7 வயது, தரம் 2. ஆட்டிசம் என்று 4 வயதில் உறுதிசெய்தார்கள். மூன்று வாரமாகப் பாடசாலைப் படலையைத் தாண்ட மறுக்கிறான்.

காரணம் புதிய மின்மணி. தண்டவாளத் துண்டில் அடித்த பழைய மணிக்கு அவன் பழகியிருந்தான். அடிக்கப் போகிறவரைக் கண்ணால் பார்ப்பான். இது சொல்லாமல் அலறுகிறது. முச்சக்கரவண்டி பாடசாலை வீதியில் திரும்பும்போதே என் சட்டைக் கையைப் பிடித்து முறுக்கத் தொடங்குகிறான். மணி அடித்தால் காதைப் பொத்திக்கொண்டு தரையில் சுருண்டுவிடுகிறான். அடங்க அரை மணி நேரம்.

காதுக்கவசம் வாங்கினோம், பத்து நிமிடத்தில் கழற்றி எறிந்தான். 1985இல் பொண்டியும் ஃப்ரொஸ்டும் உருவாக்கிய, பட அட்டையைக் கொடுத்து வேண்டியதைச் சொல்லும் படப் பரிமாற்ற முறையில்தான் தண்ணீர் கேட்கிறான், கோட்டை மான்களைப் பார்க்கப் போகவேண்டும் என்கிறான். மணி அட்டையை மட்டும் கிழித்துவிட்டான். மணியைக் கைபேசியில் பதிவுசெய்து மெல்லிய ஒலியில் போட்டால், வீட்டில் சிரிக்கிறான்! பாடசாலையில் பழைய கதைதான். பேச்சுப் பயிற்சிக்கு அடுத்த மாதம்தான் முறை. "ஒரு பிள்ளைக்காக மணியை நிறுத்த முடியாது" என்கிறார் அதிபர்.

அடம், இரண்டு போட்டால் சரியாகும் என்ற வைத்தியம் வேண்டாம். ஒலி போன்றவற்றுக்கு மிகையாக எதிர்வினை காட்டுவதை 2013இல் வந்த டிஎஸ்எம்-5 என்ற அமெரிக்க மனநல நோயறிதல் கையேடு ஆட்டிச அடையாளங்களில் சேர்த்திருக்கிறது.

வீட்டில் பழகிய சத்தத்தைப் பாடசாலையிலும் தாங்கவைக்க, நீங்கள் முதலில் என்ன செய்தீர்கள்?