எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லை என்ற பிழை: கோப்பைக் கொண்டுவந்து வைத்தும் தீரவில்லை

கேள்வி (கடைக்கணக்கு)

வணக்கம். எங்கள் மொத்த விற்பனைக் கடையின் கணினியில் 64 பிட் விண்டோஸ் 10ஐப் புதிதாக ஏற்றி, பில் போடும் மென்பொருளின் அண்மைப் பதிப்பை நிறுவினேன். திறந்தால் எம்எஸ்விசிபி140.டிஎல்எல், விசிரன்டைம்140.டிஎல்எல் ஆகிய இரண்டும் இல்லை என்று அடுத்தடுத்துச் செய்தி வருகிறது.

டிஎல்எல் கோப்புகளைத் தனித்தனியே தரும் ஓர் இணையதளத்திலிருந்து இரண்டையும் இறக்கி, சிஸ்டம்32 கோப்புறையில் வைத்தேன். செய்தி மாறவில்லை. மென்பொருளின் கோப்புறையிலேயே வைத்தபோது 0எக்ஸ்சி000007பி என்ற வேறொரு பிழை வந்தது. பிறகு 32 பிட் என்று குறித்திருந்த கோப்புகளை அவற்றின் இடத்தில் வைத்தேன். இப்போது பிழைச்செய்தி எதுவும் இல்லை. ஆனால் சாளரம் தோன்றிய கணமே மூடிக்கொள்கிறது. இல்லை என்று சொன்ன கோப்பைக் கொடுத்த பிறகும் கணினி ஏன் இப்படி நடந்துகொள்கிறது என்பதை யாராவது விளக்கினால் நன்றியுடையவனாவேன்.

பதில் (நிரலாளர்)

வணக்கம் ஐயா. தாங்கள் ஒவ்வொரு படியையும் வரிசையாக எழுதியிருப்பதால் நடந்ததைத் தெளிவாகச் சொல்ல முடிகிறது.

பல நிரல்களுக்கும் பொதுவாகத் தேவைப்படும் செயற்கூறுகளை ஒவ்வொரு நிரலுக்குள்ளும் அடைக்காமல், தனிக் கோப்பில் வைத்து, நிரல் ஓடும்போது இணைத்துக்கொள்வதே டிஎல்எல் முறை. தாங்கள் குறிப்பிட்ட இரண்டும் மைக்ரோசாஃப்டின் விஷுவல் சி++ கருவியில் உருவாக்கிய நிரல்களுக்கான பொது நூலகங்கள். அவை விண்டோஸுடன் வருவதில்லை. 'விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்' என்ற தொகுப்பை நிறுவும்போது வருகின்றன. 32 பிட், 64 பிட் என்பவை நிரல்களின் இரு வகைகள்; ஒரே பெயரில் 32 பிட்டுக்கு ஒன்று, 64 பிட்டுக்கு ஒன்று, ஒவ்வொன்றிலும் பல பதிப்புகள் என்று இருப்பதால், பெயர் பொருந்திவிட்டது என்பதற்காகக் கோப்பும் பொருந்திவிடாது.

தங்கள் மென்பொருள் 32 பிட் என்று தோன்றுகிறது. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற கோப்புறையில் இருப்பவை, அதன் பெயருக்கு மாறாக, 64 பிட் கோப்புகள். 32 பிட்டுக்கு உரியவை சிஸ்வவ்64 என்ற கோப்புறையில் இருக்கின்றன; 32 பிட் நிரல் சிஸ்டம்32ஐக் கேட்டாலும் விண்டோஸ் அதை அங்கேதான் திருப்பிவிடும். ஆகவே முதலில் வைத்த கோப்பு நிரலின் கண்ணில் படவே இல்லை. நிரலின் கோப்புறைக்குக் கொண்டுவந்ததும் கண்ணில் பட்டது. 64 பிட் கோப்பு என்பதால் ஏற்க முடியவில்லை. 0எக்ஸ்சி000007பி என்ற எண் பெரும்பாலும் இந்தப் பொருத்தமின்மையைத்தான் குறிக்கும்.

கடைசியாக வைத்தவை பழைய பதிப்பாக இருக்கலாம் என்று கருதுகிறேன். நிரலை உருவாக்கிய கருவியின் பதிப்பை விட நூலகத்தின் பதிப்பு பழையதாக இருக்கக் கூடாது. 2024 மே மாதம் வெளிவந்த, நிரல் உருவாக்கும் கருவியான விஷுவல் ஸ்டூடியோ 2022இன் 17.10ஆம் பதிப்பில் உருவாக்கிய நிரல்கள் சில, பழைய எம்எஸ்விசிபி140 இருந்த கணினிகளில் இதே போல் எந்தச் செய்தியும் இல்லாமல் நின்றுபோயின.

மைக்ரோசாஃப்டின் தளத்திலிருந்தே அந்த ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் தொகுப்பின் அண்மைப் பதிப்பை, எக்ஸ்86 (32 பிட்டுக்கு உரியது), எக்ஸ்64 (64 பிட்டுக்கு உரியது) இரண்டையும், இறக்கி நிறுவுங்கள்.

கடைக்கணக்கு

இரண்டையும் நிறுவி, கணினியை மறுபடி தொடக்கியும் பார்த்துவிட்டேன். இன்னமும் சாளரம் மூடிக்கொள்கிறது.

பதில் (பழுதுநீக்குநர்)

தாங்கள் மென்பொருளின் கோப்புறையில் வைத்த கோப்புகள் இன்னும் அங்கேயே இருக்கின்றன அல்லவா? அவைதான் காரணம். விண்டோஸ் ஒரு டிஎல்எல்லைத் தேடும்போது நிரல் இருக்கும் கோப்புறையை முதலில் பார்த்துவிட்டு, அதன் பிறகே கணினிக்குப் பொதுவான கோப்புறைக்குப் போகிறது. புதிய தொகுப்பு முறையாக நிறுவப்பட்டிருந்தும், பழைய கோப்பு வாசலிலேயே நிற்பதால் அதுதான் உள்ளே போகிறது. தாங்களே கொண்டுவந்து வைத்த கோப்புகளை மட்டும் நீக்குங்கள். அங்கே இருக்கும் மற்ற டிஎல்எல்களைத் தொட வேண்டாம். சிஸ்டம்32இல் தாங்கள் வைத்தவற்றையும் நீக்கிவிட்டு, தொகுப்பை நிறுவும் கோப்பை மறுபடி இயக்கி, பழுதுபார்க்கும் தெரிவைச் சொடுக்குங்கள். அவற்றின் இடத்தில் முறையான கோப்புகள் வந்துவிடும்.

டிஎல்எல் என்பது தரவுக் கோப்பு அன்று, ஓடக்கூடிய நிரல். முகவரி தெரியாத தளத்திலிருந்து வந்த அதனை வாடிக்கையாளர் கணக்கெல்லாம் இருக்கும் கணினியில் ஓடவிட்டிருக்கிறீர்கள் என்பதுதான் எனக்குப் பிழைச்செய்தியை விடப் பெரிய கவலை. விண்டோஸிலேயே இருக்கும் நச்சுநிரல் தடுப்பான விண்டோஸ் டிஃபெண்டரைக் கொண்டு முழுச் சோதனை ஒன்று தவறாமல் செய்துவிடுங்கள்.

கடைக்கணக்கு

நீக்கியதும் மென்பொருள் திறந்துவிட்டது, பில்லும் அச்சாகிறது. முழுச் சோதனையும் முடிந்தது, எதுவும் அகப்படவில்லை. இருவருக்கும் மனமார்ந்த நன்றி. கடையின் இன்னொரு கணினியில் 2010, 2013 என்று பல ஆண்டுகளின் தொகுப்புகள் பட்டியலில் தெரிகின்றன. புதியதை நிறுவிய பின் அவற்றை நீக்கிவிடலாமா?

பதில் (நிரலாளர்)

நீக்க வேண்டாம் ஐயா. 2015 முதல் வந்த பதிப்புகளுக்கு மட்டுமே ஒரே தொகுப்பு போதும். 2010க்கு எம்எஸ்விசிஆர்100, 2013க்கு எம்எஸ்விசிஆர்120 என்று கோப்புகளே வேறு. அவற்றை நம்பியிருக்கும் பழைய நிரல் ஏதேனும் அந்தக் கணினியில் இருந்தால், அதுவும் நாளை இதே செய்தியைக் காட்டும். அவை பிடிக்கும் இடம் மிகக் குறைவு.