ப்ராம்லி ஆப்பிளுக்கு யார் பேர்?

ஆப்பிள் ரகங்களுக்குப் பேர் எப்படி வந்தது என்று பேச்சு வந்ததால் என் பங்குக்கு ஒன்று: ப்ராம்லி, சமையலுக்கான புளிப்பு ஆப்பிள். நான் இருப்பது இங்கிலாந்தின் நாட்டிங்ஹாமில். இலையுதிர் காலம் வந்தால், தோட்டம் வைத்திருப்பவர்கள் மிஞ்சிய காய்களைப் பெட்டியில் போட்டு வாசலில் வைத்துவிடுவார்கள், யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம். அதில் பெரும்பாலும் ப்ராம்லிதான். பச்சைத் தோலில் லேசான சிவப்புக் கீற்று, உள்ளங்கையில் அடங்காத பருமன். கடித்தால் பல் கூசும். அடுப்பில் வைத்தால் சட்டென்று நுரைத்துக் குழைந்துவிடும், அதனால் 'ஆப்பிள் பை' (மாவுக்குள் பழம் வைத்துச் சுடும் பலகாரம்) செய்ய இங்கே இதைத்தான் தேடுவார்கள். நான் மாங்காய்க்குப் பதிலாகத் தொக்கு கிண்டுவேன், எலுமிச்சை பிழியவே வேண்டாம்.

ஒருமுறை பெட்டி வைத்த பெரியவரிடம், "ப்ராம்லி என்றால் ஏதாவது ஊரா?" என்று கேட்டேன். "ஊர் இல்லை, கசாப்புக்கடைக்காரர்!" என்று சிரித்தார்.

கதை நடந்தது பக்கத்திலுள்ள சவுத்வெல்லில். 1809-இல் மேரி ஆன் பிரெயில்ஸ்ஃபோர்டு என்ற சிறுமி விதை போட்டு முளைக்க வைத்த மரம் அது. அவர் கல்யாணமாகிப் போய்விட்டார். 1846-இல் அந்த வீட்டை மாத்யூ ப்ராம்லி என்ற அந்தக் கசாப்புக்கடைக்காரர் வாங்கினார். பத்து வருஷம் கழித்து, நாற்றுப்பண்ணைக் குடும்பத்துப் பையன் ஹென்றி மெரிவெதர், 17 வயதுக்காரன், ஒட்டுப்போடக் கிளை கேட்டான். தாராளமாக எடுத்துக்கொள், ஆனால் என் பேரைத்தான் வைக்கவேண்டும் என்றாராம் ப்ராம்லி. அப்படித்தான் 'ப்ராம்லிஸ் சீட்லிங்' வந்தது, அதாவது ப்ராம்லியின் விதைக்கன்று. விதைக்கன்று என்பது வாஸ்தவம். ப்ராம்லியினுடையதா? வீட்டோடு சேர்த்து வாங்கினார், அவ்வளவுதான். மேரி ஆன் 1852-லேயே இறந்துவிட்டார், மரத்துக்குப் பேர் வந்ததே தெரியாது.

விதை போட்டால் தாய்மரம் மாதிரியே வராது, அதனால் இன்று உலகத்தில் இருக்கும் ப்ராம்லி எல்லாமே அந்த ஒரே மரத்திலிருந்து ஒட்டு வழியாக வந்தவை. அந்தத் தாய்மரம் 1900-இல் புயலில் சாய்ந்தும், விழுந்த இடத்திலேயே வேர் பிடித்துப் பிழைத்ததாம். இப்போது பூஞ்சை நோய் பிடித்திருக்கிறது.

இந்த விஷயத்தில் காக்ஸ் என்ற இன்னொரு ஆங்கில ஆப்பிளோடு எனக்கு வழக்கில்லை. ஸ்லவ் பக்கம் கோல்ன்புரூக்கில் பீர் காய்ச்சும் தொழிலிலிருந்து ஓய்வுபெற்ற ரிச்சர்ட் காக்ஸ், தானே விதை போட்டு வளர்த்துத் தன் பேரை வாங்கிக்கொண்டார்.