சும்மா ரேஞ்ச்ல சுட 9 எம்எம் கார்பைன் வாங்கலாமா?

பிளேனோவாசி:
எல்லாருக்கும் வணக்கம். டெக்ஸாஸ்ல இருக்கேன், போன வருஷம்தான் கிரீன் கார்டு கைக்கு வந்துச்சு. என்கிட்ட ஒரு கிளாக் 17 பிஸ்டல் இருக்கு, மாசம் ரெண்டு தடவை துப்பாக்கி சுடற ரேஞ்ச் போவேன், ஆனா 15 யார்டு தாண்டினா நான் சுடறது பேப்பர்ல விழுதா பக்கத்து லேன்ல விழுதான்னே தெரியல. அதான் பிஸ்டல் தோட்டாவே போடற கார்பைன் (தோள்ல வச்சு சுடற குட்டை ரைபிள்) ஒண்ணு வாங்கலாமான்னு யோசனை. வேட்டை கிடையாது, வீட்டு பாதுகாப்பும் கிடையாது, சனிக்கிழமை பேப்பரும் இரும்பு தட்டும் சுடணும், அவ்ளோதான். ரூகர் பிசி கார்பைன், கெல்டெக் சப் 2000 ரெண்டும் பார்த்து வச்சிருக்கேன். 9 எம்எம் தானே, உதையே இருக்காதுன்னு கடைக்காரர் சொன்னாரு, நிஜமா? எனக்கு வலது தோள்ல பழைய கிரிக்கெட் அடி ஒண்ணு இருக்கு. வாங்கறதுக்கு முன்னாடி எதையெல்லாம் பார்க்கணும்னு சொல்லுங்க.

ஹூஸ்டன்கிழவன்:
தம்பி, உதையே இருக்காதுன்னு சொன்னவர் விக்கறவர், அதை மறந்துடாதீங்க. இந்த கார்பைன்ல முக்கால்வாசி ப்ளோபேக். அதாவது போல்ட்டை (தோட்டாவை பின்னாடி இருந்து அடைச்சு நிக்கற இரும்பு பகுதி) பூட்டி வைக்க எதுவும் கிடையாது, அதோட கனமும் ஸ்ப்ரிங்கும்தான் அதை முன்னாடி பிடிச்சு வைக்குது. அதனால போல்ட்டை கனமா செய்யணும், அந்த கனம் ஒவ்வொரு குண்டுக்கும் பின்னாடி வந்து மோதி திரும்பி முன்னாடி போய் அடிக்கும். வலிக்காது, ஆனா டொக் டொக்னு ஒரு தள்ளல் இருக்கும். 223 ரைபிள் தோட்டா போடற ஏஆர்-15 ரைபிளை சுட்டுட்டு இதை சுட்டவங்க பாதி பேர் "என்னங்க இது சின்ன தோட்டா, ஆட்டம் ஜாஸ்தியா இருக்கே"ன்னுதான் சொல்லுவாங்க. ரூகர்காரன் இதுக்காகவே போல்ட்டுக்குள்ள ஒரு டங்ஸ்டன் எடை வச்சிருக்கான், துப்பாக்கியும் 6.8 பவுண்டு, அதனால தோளுக்கு தேவலை. சப் 2000 நாலேகால் பவுண்டு சொச்சம்தான், ரெண்டா மடிச்சு லேப்டாப் பையிலயே வச்சுக்கலாம், ஆனா லேசான துப்பாக்கி தள்ளத்தான் செய்யும், ஸ்டாக்கா (தோள்ல வைக்கற பின்பகுதி) இருக்கற ட்யூப் கன்னத்துலயும் தட்டும். உங்க தோளுக்கு நான் ரூகர்தான் சொல்லுவேன்.

இன்னொண்ணு, ரெண்டுமே கிளாக் மேகசின் (தோட்டா அடுக்கற பெட்டி) எடுக்கும் (சப் 2000 வாங்கும்போது கிளாக் மாடலான்னு பார்த்து வாங்கணும், ரூகர்ல மேகசின் போடற பகுதியையே கழட்டி மாத்திக்கலாம்). ஏற்கனவே வச்சிருக்கற மேகசின், ஏற்கனவே வாங்கற தோட்டா. பாதி செலவு மிச்சம் அங்கதான்.

மச்சிநான்தான்:
மச்சி கோவிச்சுக்காத, 15 யார்டுல படலன்னா பிரச்சனை துப்பாக்கி இல்ல, ட்ரிகர் இழுக்கற விரல். ஒரு ரூகர் 10/22 ரைபிள் வாங்கு, 1964ல இருந்து வர்ற துப்பாக்கி, பாயிண்ட் டூ டூ தோட்டா 9 எம்எம்ல மூணுல ஒரு பங்கு விலைக்கு கிடைக்கும். ஒரு வருஷம் அதுல சுடு, அப்புறம் எதை வேணா வாங்கு. காலேஜ்ல என்சிசில படுத்துக்கிட்டு அஞ்சு ரவுண்டு சுட்டதுதான் என் வாழ்க்கைலயே பெஸ்ட் குரூப்பிங் (குண்டெல்லாம் பக்கத்து பக்கத்துல விழறது), இன்னிக்கு வரைக்கும் அதை எந்த காஸ்ட்லி துப்பாக்கியும் தாண்டல.

ஆஸ்டின்அக்கா:
மச்சிநான்தான் சொல்றது தப்பில்ல, ஆனா அவர் கேட்டது சந்தோஷத்துக்கு, பரீட்சைக்கு இல்ல 😀 நான் ஸ்டீல் சேலஞ்ச்னு இரும்பு தட்டு சுடற மேட்ச்ல கார்பைன்ல சுடறேன், என் அனுபவத்துல ரெண்டு விஷயம்.

ஒண்ணு, ரெட் டாட் (குறி பார்க்க சிவப்பு புள்ளி காட்டற சைட்) எவ்வளவு உயரத்துல உக்காருதுன்னு பாருங்க. ஏஆர் மாதிரி செட்டப்ல டாட் பேரலுக்கு மேல ரெண்டரை இன்ச்சு இருக்கும். 25 யார்டுக்கு டாட்டை சரி பண்ணிட்டு 7 யார்டுல சுட்டா குண்டு ரெண்டு இன்ச்சு கீழ போகும், துப்பாக்கி கோணல்னு நினைச்சு டயலை திருப்பி திருப்பி ஒரு பாக்ஸ் தோட்டாவை நான் வீணாக்கியிருக்கேன். பெரிய தட்டுல தெரியாது, சின்ன தட்டுல மானம் போகும். தூரத்துக்கு வந்தா, 50 யார்டுக்கு சரி பண்ணா 100ல 115 கிரெயின் (குண்டோட எடை அளவு) குண்டு அஞ்சு இன்ச்சு வாக்குல இறங்கிடும். அதனால 50 வரைக்கும் ராஜா, 100ல பொறுமை, அதுக்கு மேல ஆசைப்படாதீங்க.

ரெண்டாவது தோட்டா. 16 இன்ச்சு பேரல்ல 115 கிரெயினுக்கு பிஸ்டலை விட வேகம் நல்லா கூடும், 147 கிரெயினுக்கு பெருசா கூடாது, ஒலி வேகத்துக்கு கீழயே இருக்கறதால அந்த சுளீர் சத்தம் இருக்காது, காதுக்கு இதமா இருக்கும் (காது மூடியை கழட்ட சொல்லல!). நாலஞ்சு விதமா ஒவ்வொரு பாக்ஸ் வாங்கி, மேஜைல மணல் மூட்டை போட்டு 50 யார்டுல அஞ்சஞ்சா சுட்டு பாருங்க. ஒரே துப்பாக்கி ஒரு தோட்டாவுல உள்ளங்கை அளவு குரூப் போடும், இன்னொண்ணுல தோசைக்கல்லு அளவு போடும். முனைல குழி இருக்கற ஹாலோ பாயிண்ட் தோட்டா சில துப்பாக்கில மாட்டிக்கும், அதையும் பார்த்துடுங்க.

அப்புறம் உங்க ரேஞ்ச்ல கேட்டுட்டு வாங்குங்க. இண்டோர்ல ரைபிள் தோட்டாவை விடாத சில இடத்துல இதை விடுவாங்க, அதுதான் இதோட பெரிய வசதியே.

வீசாவிசு:
குறுக்க வர்றதுக்கு மன்னிக்கணும், நான் ஹெச்1பி வேலை வீசால இருக்கேன். நானும் கூட வந்து வாடகைக்கு எடுத்து சுடலாமா?

ஹூஸ்டன்கிழவன்:
விசு, கையில எடுக்கறதுக்கு முன்னாடி நில்லுங்க. ஹெச்1பி மாதிரி வீசால இருக்கறவங்க துப்பாக்கி வச்சிருக்கறதே ஃபெடரல் சட்டப்படி தடை, செல்லுபடியாகற வேட்டை லைசென்ஸ் மாதிரி சில விலக்கு இருந்தாத்தான் முடியும். வாடகை துப்பாக்கிக்கும் அதேதான். ரேஞ்ச்ல கேக்கலன்னு விட்டுடாதீங்க, கிரீன் கார்டு நேரத்துல வினையா வந்து நிக்கும். வக்கீல்கிட்ட கேட்டுட்டு செய்யுங்க. மத்த ஸ்டேட்ல இருந்து படிக்கறவங்களுக்கும் ஒரு வார்த்தை, கலிஃபோர்னியா, நியூ ஜெர்சில எல்லாம் 10 ரவுண்டுக்கு மேல மேகசின் கூடாது, வேற விதியும் இருக்கு.

பிளேனோவாசி:
அப்டேட். நேத்து ரேஞ்ச்ல ரெண்டையும் வாடகைக்கு எடுத்து ஒவ்வொண்ணுலயும் 50 ரவுண்டு சுட்டேன். சப் 2000 மடிக்கறது செம ஜாலி, ஆனா 30 ரவுண்டுக்கு மேல தோள் "போதும்டா"ன்னுச்சு, போல்ட் இழுக்கற பிடி வேற பின்னாடி ஸ்டாக்குக்கு கீழ இருக்கு, தோள்ல இருந்து இறக்காம இழுக்க முடியல. ரூகர்ல 25 யார்டுல பத்துல எட்டு குண்டு ஒரு சாஸர் அளவுக்குள்ள, வெறும் இரும்பு சைட்டுல! அக்கா சொன்ன மாதிரி 7 யார்டுல கொஞ்சம் கீழதான் போச்சு, டயலை தொடல 😄 ரூகர்னு முடிவு பண்ணிட்டேன். ஆனா வீட்டுல ரெண்டு வாண்டு இருக்கறதால முதல்ல பூட்டு போட்ட இரும்பு பெட்டி வரணும், துப்பாக்கி அதுக்கப்புறம்தான்னு வீட்டம்மா உத்தரவு. பெட்டி ஆர்டர் போட்டாச்சு, 90 பவுண்டாம், மாடிக்கு தூக்க ஆள் தேவை, மச்சி சனிக்கிழமை ஃப்ரீயா?

மச்சிநான்தான்:
பிரியாணி உண்டான்னு முதல்ல சொல்லு.