சோபே ஓரம் வெடிக்கிறது, வழி சொல்லுங்கள்

மெக்சிகோவின் சோபேயை (ஓரம் உயர்த்தி, மேலே பீன்ஸ், சல்சா வைத்துத் தின்னும் கனத்த மக்காச்சோள அடை) வீட்டில் செய்பவர்கள் யாராவது இருக்கிறீர்களா? சுண்ணாம்பு நீரில் வேகவைத்த மக்காச்சோளத்தை அரைத்து உலர்த்திய மாசா அரினா மாவு கிடைத்துவிட்டது. (சாதாரண மக்காச்சோள மாவு இதற்கு ஆகவே ஆகாது, பிடித்தால் உதிரும்.) வெதுவெதுப்பான நீர் விட்டுப் பிசைந்து, கனமாகத் தட்டி, கல்லில் இருபுறமும் வாட்டுவதுவரை சிக்கல் இல்லை. சூடு ஆறுவதற்குள் ஓரத்தைக் கிள்ளி வரப்புபோல் உயர்த்தும்போதுதான் தொல்லை. விரல் பட்ட இடமெல்லாம் வெடித்து, அந்தப் பிளவு வழியே காரச் சாந்தான சல்சா தட்டில் ஒழுகுகிறது.

மாவில் ஈரம் போதவில்லையா, கல்லில் அதிக நேரம் விடுகிறேனா? பிசைந்த மாவை எவ்வளவு நேரம் மூடி வைக்க வேண்டும்?

இன்னொன்று. அடியை மொறுமொறுப்பாக்க அங்கே பன்றிக்கொழுப்பு. எங்கள் அடுப்படியில் அதற்கு அனுமதி இல்லை. கடலை எண்ணெய் சரிவருமா? பீன்ஸ் மசியலின் மேல் தூவ, கேசோ ஃப்ரெஸ்கோ என்னும் மெக்சிகோப் பாலாடைக்கட்டிக்குப் பதிலாக உப்புச் சேர்த்து உதிர்த்த பன்னீர் போதும் என்று நினைக்கிறேன். மறுப்பவர்கள் காரணத்தோடு மறுக்கலாம்.